செம்புத் தகடு

எனக்குக் கோபமே வராது என்று சிநேகிதர்கள் நாலு பேர் மத்தியில் சொல்வதுண்டு. அந்தச் சமயத்தில் என் மனைவி உள்ளே காப்பி ஆற்றிக்கொண்டிருப்பாள். டபராச் சத்தம் வழக்கத்தைவிடச் சற்றுப் பலமாகக் கேட்கும். வாஸ்தவத்தில், நேருக்கு நேர் எனக்குக் கோபம் வருவது குறைவுதான். பஸ் கண்டக்டர் மீதிச் சில்லறையை மறந்துவிட்டால் பேசாமல் இறங்கி நடந்துவிடுகிற பிராணி நான். ரேஷன் கடையில் யாராவது எனக்கு முன்னால் வந்து நுழைந்தால், அவருக்கு வீட்டில் ஏதோ அவசரம் என்று நானே ஒரு காரணம் கற்பித்துக்கொள்வேன். கதை எழுதுகிறவனுக்குக் காரணம் கற்பிப்பதா சிரமம்?

ஆனால் ராத்திரிச் சாப்பாட்டுக்குப் பிறகு செல்போனைக் கையில் எடுத்து முகநூலைத் திறந்தேனானால் ஆள் மாறிவிடுவேன். முகம் தெரியாத ஒருவர், நான் சொல்லாத ஓர் அபிப்பிராயத்தை நான் சொன்னதாகவே வைத்துக்கொண்டு, ஒரு வரி எழுதியிருப்பார். எனக்குக் காது மடல் சூடேறும். விரல் தானாக ஓடும். பத்து மணிக்குப் படுக்க வேண்டியவன் ஒன்றரை மணிக்கு ஜெயித்தவனாகப் படுப்பேன். தூக்கம்தான் வராது.

அப்படி ஜெயித்த ஒரு ராத்திரியைப் பற்றித்தான் சொல்ல வேண்டும்.

சிவகாசிக்குப் பக்கத்தில் நாரணாபுரத்தில் என் அத்தை இருக்கிறாள். பள்ளிக்கூட விடுமுறை என்றால் எனக்கு அந்த ஊர்தான். கரிசல் மண், வேலிக்கருவை, வெயில். வெயிலுக்கு நடுவே பட்டாசுத் தொழிற்சாலைகள். மழை பொய்க்கிற பூமியில் மனிதர்கள் பிழைக்க வழி தேடியதில் பிறந்த தொழில் இது. 1922-ல் சிவகாசியிலிருந்து அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தாவுக்குப் போய்த் தீப்பெட்டித் தொழிலைக் கற்றுக்கொண்டு வந்தார்கள். பட்டாசும் அச்சுத் தொழிலும் அதற்குப் பின்னால் வந்தன. எந்த மழையை விவசாயி தேடுகிறானோ, அந்த மழை இல்லாததே பட்டாசு காயவைக்கிறவனுக்கு வரம். அத்தையும் ஒரு காலத்தில் தீப்பெட்டி ஒட்டியவள். பசை காய்ந்த அவள் விரல்கள் என் தலையைக் கோதும்போது சொரசொரவென்று இருக்கும்.

இதையெல்லாம் நினைத்துக்கொண்டு ஒரு தீபாவளி மலருக்குக் கட்டுரை எழுதினேன். பழைய நினைவுகள்தான். முடிவில், "வயதாகிவிட்டது, இப்போது எனக்குச் சத்தம் வேண்டாம், கம்பி மத்தாப்பும் புஸ்வாணமும் போதும்" என்ற பாவனையில் இரண்டு வாக்கியம். அந்தக் கட்டுரையை முகநூலிலும் போட்டு வைத்தேன்.

பட்டாசைப் பற்றி ஐப்பசியில் வாயைத் திறக்கிறவன் எதற்கும் தயாராக இருக்க வேண்டும் என்பது எனக்குத் தெரியாததல்ல. 2015-ல் தில்லியில் மூன்று கைக்குழந்தைகளின் பெயரில், எங்கள் மூச்சுக்குக் காற்று வேண்டும் என்று ஒரு வழக்குப் போட்டார்கள். 2018 அக்டோபர் 23-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது: பேரியம் கூடாது, சரவெடி கூடாது, பசுமைப் பட்டாசு மட்டும், அதுவும் இரண்டே மணி நேரம். தமிழ்நாட்டில் அந்த இரண்டு மணி நேரத்தைக் காலையில் ஒன்று, மாலையில் ஒன்று என்று பிரித்துக்கொடுத்தார்கள். அந்தத் தீபாவளி முடிந்ததும் சிவகாசியில் தொழிற்சாலைகளை மூடினார்கள். மாதக்கணக்கில் மூடிக் கிடந்தன. அத்தை வீட்டுத் தெருவில் அந்தப் பொங்கலுக்குக் கரும்பு வாங்கியவர்கள் குறைவு. தில்லிக் குழந்தையின் மூச்சும் நிஜம். நாரணாபுரத்துக் குழந்தையின் சோறும் நிஜம். இரண்டு நிஜங்கள் மோதிக்கொள்கிற இடத்தில் நிதானமாகப் பேச நிறைய இருக்கிறது. ஆனால் செல்போனில் அந்தப் பேச்சுக்கு இடம் இல்லை. ஒருவர் என்னை, குழந்தைகளின் நுரையீரலைச் சுட்டுத் தின்கிற ராட்சசன் என்றார். இன்னொருவர் எட்டு லட்சம் பேர் வயிற்றில் அடிக்கிற கைக்கூலி என்றார். ஒரே கட்டுரைக்கு இரண்டு பட்டமும் கிடைத்தன என்பதில் எனக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

அப்போது ஒரு வாலிபன் எழுதினான். "ஒரு நாளாவது மருந்து ரூம்ல உக்காந்து பாத்துருக்கியா? தெறியாம எழுதாத."

அவ்வளவுதான். மற்றவர்கள் எழுதியதோடு ஒப்பிட்டால் இது வசவே அல்ல. ஆனால் அந்த "நீ" என்ற ஒருமை என்னைச் சுட்டுவிட்டது. கூடவே, எழுத்தாளன் கண்ணுக்கு எழுத்துப் பிழை தப்புமா? நான் எழுதினேன்: "தம்பி, தெரியாமல் என்பதற்கு வல்லின றகரம் வராது. தெறித்தல் என்றால் வெடித்துச் சிதறுதல். உங்கள் தொழில் எழுத்திலும் தெறிக்கிறது!"

பிரமாதமான சிலேடை என்று நானே மெச்சிக்கொண்டேன். ஊரும் மெச்சியது. விடிவதற்குள் ஆயிரத்துக்கு மேல் விருப்பக் குறிகள், சிரித்த முகங்கள், கைதட்டல்கள். என் வாசகர்கள், நல்ல மனிதர்கள், குழந்தை குட்டிக்காரர்கள், அந்தப் பையனின் பக்கத்துக்குப் போய் அவனுடைய ஒவ்வொரு படத்தின் கீழும் "தெறி, தெறி" என்று எழுதிவிட்டு வந்தார்கள். மறுநாள் சாயங்காலம் பார்த்தால் அவனுடைய கணக்கே இல்லை. மூடிவிட்டுப் போய்விட்டான். ஜெயம்!

பின்னால் இதைப் பற்றிப் படிக்கையில் ஒரு விஷயம் தெரிந்தது. முகநூல்காரர்கள் 2017 முதல் ஒரு கணக்கு வைத்திருந்தார்களாம். ஒருவர் எழுதியதற்கு விருப்பக் குறி ஒன்று விழுந்தால் ஒரு மதிப்பெண். கோப முகம் முதலான மற்ற முகக் குறிகள் விழுந்தால் ஐந்து. மதிப்பெண் ஏற ஏற அது பலர் கண்ணில் படும். கம்பெனியின் உள் ஆவணங்கள் 2021-ல் வெளியே வந்தபோதுதான் உலகத்துக்கு இது தெரிந்தது. 2020-லேயே கோப முகத்தின் மதிப்பைப் பூஜ்யமாக்கிவிட்டார்களாம். இடைப்பட்ட மூன்று வருஷத்தில் எத்தனை பேருக்கு ராத்திரித் தூக்கம் போயிற்றோ! அதே 2021-ல் அமெரிக்காவில் யேல் பல்கலைக்கழகத்தார், டுவிட்டரில் 7,331 பேர் எழுதிய 1 கோடியே 27 லட்சம் குறிப்புகளை அலசிப் பார்த்து ஒன்று சொன்னார்கள். கோபமாக எழுதி அதற்குக் கைதட்டல் வாங்கியவர்கள், பிறகு மேலும் கோபமாக எழுதினார்களாம். கோபம் உள்ளேயிருந்து வருகிறது என்றுதான் நான் நினைத்திருந்தேன். குரங்காட்டி வேர்க்கடலை கொடுத்துப் பழக்குவதுபோல் அதையும் பழக்கலாம் என்பது தெரிந்தபோது, ஆயிரம் வேர்க்கடலை தின்ற என் வயிறு என்னவோ செய்தது.

தை பிறந்து, அத்தைக்கு உடம்பு சரியில்லை என்று நாரணாபுரத்துக்குப் போனேன்.

அத்தை மகன் அங்கே ஒரு தொழிற்சாலையில் போர்மேன். எனக்குப் பத்து வயது மூத்தவர். அத்தான் என்றுதான் கூப்பிடுவேன். அதிகம் பேசாதவர். சனிக்கிழமை காலை, அத்தைக்குக் கஞ்சி கொடுத்துவிட்டு, "சும்மாதானே இருக்கே, வா மாப்பிளே" என்று மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போனார். தொழிற்சாலை வாசலில் காவல்காரர் ஒரு மரப்பெட்டியை நீட்டினார். செல்போனை அதில் போட்டுவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். பெட்டிக்குள் ஏற்கெனவே ஐம்பது அறுபது செல்போன்கள் கிடந்தன. எல்லாம் வாயடைத்துக் கிடந்தன.

ஆபீஸ் அறையைத் தாண்டி என்னை அவர் விடவில்லை. ஜன்னல் வழியாகப் பார்த்தேன். வேப்ப மரங்களுக்கு நடுவே சின்னச் சின்ன அறைகள். ஒன்றுக்கும் அடுத்ததற்கும் நடுவில் காலி நிலம். ஒன்று போனாலும் அடுத்தது போகக் கூடாது என்று கணக்குப் பண்ணி விட்ட இடைவெளி. ஓர் அறையில் நாலு பேருக்கு மேல் இருக்கக் கூடாது. இரும்புச் சாமான் ஆகாது. நைலான் துணி ஆகாது, பருத்திதான். விபத்து நடந்தால் மறுநாள் பேப்பரில் "உராய்வு காரணமாக" என்று போடுகிறார்களே, அந்த உராய்வுக்கு இங்கே எல்லோரும் பயப்படுகிறார்கள். 

பேச்சுக்கு நடுவில் அந்தப் பையனைப் பற்றிக் கேட்டேன். ஏன் கேட்டேன் என்று இப்போதும் எனக்குத் தெளிவாகத் தெரியவில்லை. மருந்து ரூமைப் பற்றி எழுதியவன் இந்தப் பக்கத்துக்காரனாக இருப்பான் என்று ஓர் ஊகம்.

அத்தான் சற்று நேரம் ரிஜிஸ்தரைப் புரட்டிக்கொண்டிருந்தார்.

"நம்ம ஊர்ப் பயதான். இங்கதான் இருக்கான். நாலாவது ரூம்ல."

எனக்கு நாக்கு ஒட்டிக்கொண்டது. "உங்களுக்கு அது தெரியுமா அத்தான்?"

"ஊருக்கே தெரியும் மாப்பிளே. நீ நம்ம ஊரு பேரைப் போட்டு எழுதினே. எல்லாப் பயலும் படிச்சான். அவன் பதில் போட்டான். அப்புறம் நீ போட்டே." அவர் தலை நிமிரவே இல்லை. "மறுநாக் காலையில வேலைக்கு வந்தான். கண்ணு ரெண்டும் செவந்து கெடந்துச்சு. என்னடான்னேன். ஒண்ணுமில்லேன்னான். ஒண்ணுமில்லேன்னு சொல்றவனைத்தான் மருந்துகிட்ட விடக் கூடாது. ரெண்டு நாளு பெட்டி அடுக்கப் போடான்னு அனுப்பிட்டேன். அங்க கூலி கம்மி. தீபாவளி நேரம் வேற. மொணங்கிட்டேதான் போனான்."

வீட்டில் சண்டை போட்டுவிட்டு வந்தவனை, குடித்துவிட்டு ராத்திரி விழித்தவனை, காதல் கடிதம் கிடைத்தவனைக்கூட அவர் மருந்துப் பக்கம் விடுவதில்லையாம். "கை தன்னால வேகமாப் போகும் மாப்பிளே. அவனுக்கே தெரியாது."

என் விரலும் அன்று ராத்திரி தன்னால்தான் வேகமாகப் போயிற்று. நான் ஜெயித்துவிட்டுப் புரண்டு படுத்த அதே நேரத்தில் ஒருவன் இங்கே தூங்காமல் புரண்டிருக்கிறான். விடிந்ததும் அவன் கை போக வேண்டிய இடம் வெடிமருந்து. அவனோடு அறையில் இன்னும் மூன்று பேர். அத்தான் ஒருவர் கண்ணைப் பார்த்து வேலை கொடுக்கத் தெரியாதவராக இருந்திருந்தால்?

அவரே இன்னொன்றும் சொன்னார், எனக்குத் தெரிய வேண்டும் என்று அல்ல, பேச்சுவாக்கில். பையனுடைய அப்பாவுக்கு ஒரு விபத்தில் வலது கை போய்விட்டது. எட்டாம் வகுப்போடு இவன் படிப்பு நின்றது. பதினெட்டு வயது ஆகிறவரை அச்சாபீஸில் எடுபிடி, அப்புறம் இங்கே. எழுத்துப் பிழை எங்கிருந்து வந்தது என்பது எனக்கு அப்போது தெரிந்தது. தெறித்தல் என்ற சொல்லுக்கு அந்த வீட்டில் என்ன அர்த்தம் என்பதும் தெரிந்தது.

"அவனைப் பார்க்கணும் அத்தான்" என்றேன்.

"இப்ப வேண்டாம். மத்தியானம் மருந்து வேலை முடியட்டும். உன்னைப் பார்த்தா அவனுக்கு என்ன தோணுமோ."

நியாயம்தானே? மன்னிப்புக் கேட்கிறவனுக்குக்கூட அவசரம் ஆகாது. நான் காத்துக்கொண்டிருந்தேன். சுவரில் ஒரு காலண்டர். சிவகாசியில் காலண்டருக்கா பஞ்சம்? அதில் 2012 செப்டம்பர் மாதத்துத் தாள் ஒன்று தனியே ஒட்டியிருந்தது. ஐந்தாம் தேதியைப் பென்சிலால் வட்டமிட்டிருந்தார்கள். கேட்கத் தேவையில்லை, முதலிப்பட்டி. அன்று நடந்த விபத்தில் முப்பதுக்கு மேற்பட்டவர்கள் மாண்டார்கள். தீ எரிகிறது என்று கேள்விப்பட்டு ஓடியவர்கள், உதவப் போனவர்கள், வேடிக்கை பார்க்க நின்றவர்கள், அவர்களில் பலரும் அடுத்த வெடிப்பில் சிக்கிக்கொண்டார்கள். அந்த விபத்தை நினைத்தால் வருகிற கோபம் வேறு. அது வர வேண்டிய கோபம், போகக் கூடாத கோபம். நாலு பேர் இருக்க வேண்டிய அறையில் அதிகம் பேரை உட்கார வைக்கிறவன்மேல் கோபப்படாமல் யார்மேல் கோபப்படுவது? ஆனால் செல்போனில் அந்தக் கோபத்துக்கு ஆயுசு ஒரு நாள். ஓர் அழுகை முகம் போட்டுவிட்டு அடுத்த சண்டைக்குப் போய்விடுகிறோம். எழுத்துப் பிழைக்கு நான் செலவழித்த மூன்றரை மணி நேரத்தை எந்த விபத்துக்கும் செலவழித்ததில்லை.

மத்தியானம் டீக்கடையில் அவனைப் பார்த்தேன். இருபத்திரண்டு வயது இருக்கும். மெலிந்த உடம்பு, நகக் கண்ணில் வெள்ளிப் பொடி. அத்தான் என்னைச் சுட்டிக்காட்டிவிட்டுச் சம்பளக் கணக்குப் பார்க்கப் போய்விட்டார்.

நான் தயார் செய்துகொண்டு வந்த வாக்கியங்கள் எதுவும் வரவில்லை. "நான் அப்படி எழுதியிருக்கக் கூடாது, தப்பு" என்று மட்டும் சொன்னேன்.

அவன் டீ கிளாஸைப் பார்த்துக்கொண்டே, "பரவாயில்லை அண்ணாச்சி" என்றான். பிறகு வெகு நேரம் பேசவில்லை. நான் இரண்டு வடை சொன்னேன். அதையும் அவன் தொடவில்லை. கிளம்புகிற சமயத்தில்தான் சொன்னான்:

"நீங்க எழுதுனதுல ஒண்ணு தப்பு அண்ணாச்சி. மருந்து ரூம்ல பொம்பளைங்க பாட்டுப் பாடிக்கிட்டே வேலை பாப்பாங்கன்னு போட்டிருந்தீங்க. மருந்து ரூம்ல யாரும் பாட மாட்டாங்க. பேச்சே கிடையாது. அதைச் சொல்லத்தான் எழுதுனேன். எனக்கு அப்படித்தான் எழுத வந்துச்சு."

வாஸ்தவம். அப்படி ஒரு வரி என் கட்டுரையில் இருந்தது. அத்தை வீட்டுத் திண்ணையில் தீப்பெட்டி ஒட்டும் பெண்கள் பாடியதை, அழகுக்காக, மருந்து அறைக்குள் கொண்டுபோய் வைத்திருந்தேன். ஊரில் ஆயிரம் பேர் சிரித்தார்கள். ஒருவர்கூட அந்தத் தப்பைக் கண்டுபிடிக்கவில்லை. கண்டுபிடித்தவனைத்தான் எல்லோருமாகத் துரத்தினோம்.

அன்று ராத்திரி மொட்டை மாடியில் படுத்திருந்தேன். தை மாதப் பனி. என்னென்னவோ ஞாபகம் வந்தது. 2018 மே மாதம் திருவண்ணாமலை மாவட்டத்தில் போளூர்ப் பக்கம், குலதெய்வம் கும்பிடச் சென்னையிலிருந்து போன ஒரு மூதாட்டி குழந்தைகளுக்கு மிட்டாய் கொடுத்தார். பிள்ளை பிடிக்கிறவர்கள் வந்திருக்கிறார்கள் என்று வாட்ஸ்அப்பில் ஏற்கெனவே வதந்தி சுற்றிக்கொண்டிருந்தது. அடித்தே கொன்றுவிட்டார்கள். அந்த வருஷம் நாட்டில் இப்படிப் பல சாவுகள். ஜூலையில் வாட்ஸ்அப் கம்பெனி, இந்தியாவில் ஒரு செய்தியை ஒரே சமயத்தில் ஐந்து பேருக்கு மேல் அனுப்ப முடியாது என்று கட்டுப்பாடு கொண்டு வந்தது. ஓர் அறைக்கு நாலு பேர் என்பதுபோலத்தான்.

பெருமாள்முருகன் ஞாபகமும் வந்தது. 2010-ல் வெளிவந்த நாவல். நாலு வருஷம் யாருக்கும் வராத கோபம் 2014 டிசம்பரில் திருச்செங்கோட்டில் வந்தது. புத்தகத்தைப் படித்து வந்த கோபம் அல்ல. சில பக்கங்களை மட்டும் நகல் எடுத்துக் கொடுத்து வரவழைத்த கோபம். 2015 ஜனவரியில் நாமக்கல்லில் சமாதானப் பேச்சு என்று கூப்பிட்டார்கள். அது முடிந்ததும் அவர், தமக்குள் இருந்த எழுத்தாளன் இறந்துவிட்டதாக முகநூலில் அறிவித்துவிட்டு மௌனமானார். 2016 ஜூலை 5-ஆம் தேதி சென்னை உயர் நீதிமன்றம், அவர் மறுபடி எழுத வேண்டும் என்று சொன்னது. எழுதினார். மௌனமாக இருந்த காலத்தில் கவிதைகள் எழுதி வைத்திருந்தார் என்று பிறகு தெரிந்தது. வசவுக்குப் பதில் வசவு எழுதி அந்த நாட்களைக் கழித்திருந்தால் அவருக்கு என்ன மிஞ்சியிருக்கும் என்று யோசித்தேன். அவரோடு என்னை ஒப்பிட்டுக்கொள்வதாக யாரும் நினைக்க வேண்டாம். என் சங்கதியில் கும்பலின் பக்கம் நின்றவன் நான்.

வள்ளுவர் ஞாபகமும் வராமலில்லை. வெகுளாமை என்ற அதிகாரத்தை அவர் துறவறவியலில் வைத்திருக்கிறார். இல்லறத்தானுக்கு வைத்தது பொறையுடைமை. குடும்பஸ்தனுக்குக் கோபம் வராமலிருக்காது, வந்தால் பொறுத்துக்கொள்ளட்டும் என்று விட்டிருக்கிறார் போலும். அனுபவஸ்தர்!

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. வேலை இல்லை. பூட்டெல்லாம் சரியாக இருக்கிறதா என்று பார்க்க அத்தான் போனபோது நானும் போனேன். அன்றும் செல்போன் பெட்டிக்குள் போயிற்று. காலி அறை ஒன்றின் வாசல்வரை கூட்டிப் போனார். கதவுக்குப் பக்கத்தில், இடுப்பு உயரத்தில் ஒரு செம்புத் தகடு பதித்திருந்தது. அதிலிருந்து ஒரு கம்பி சுவரோடு இறங்கி மண்ணுக்குள் போயிற்று.

"இதென்ன அத்தான்?"

"உள்ள போறவன் இதைத் தொட்டுட்டுத்தான் போகணும். நடக்கையில, துணி உரசுகையில ஒடம்புல கரண்டு சேரும். கண்ணுக்குத் தெரியாது. வெயில் காய்ஞ்ச நாள்ல ஜாஸ்தி. அதோட போய் மருந்தைத் தொட்டா போச்சு. இதைத் தொட்டா எல்லாம் மண்ணுக்குள்ள எறங்கிரும்."

தொட்டேன். சில்லென்று இருந்தது, வேறொன்றும் தெரியவில்லை. நடுவில் மட்டும் தகடு பளபளவென்று தேய்ந்திருந்தது. எத்தனை கைகளோ!

ஊருக்குத் திரும்பிய பிறகு சாதுவாகிவிட்டேன் என்று எழுத ஆசைதான். என் மனைவி இதைப் படிப்பாள். இப்போதும் காது மடல் சூடேறுகிறது. ராத்திரி ஒன்பதுக்கு மேல் செல்போனைச் சமையலறை அலமாரியில் வைத்துவிடுகிறேன். சில நாள் மறந்துபோனதாக நடித்துக்கொண்டு எடுத்து வந்தும் விடுகிறேன். பதில் எழுத வேண்டும் என்று கை துடித்தால் பழைய டைரி ஒன்றில் பேனாவால் எழுதுகிறேன். விடிந்து படித்தால் பத்தில் ஒன்றைக்கூட அனுப்பத் தோன்றுவதில்லை. அந்த டைரி யார் கையிலும் கிடைக்காமல் இருக்க வேண்டும். கொல்லையில் ஒரு முருங்கை வைத்தேன். மண்ணைத் தொட ஒரு சாக்கு. அது சாக்கு என்று முருங்கைக்குத் தெரியாது, நன்றாக வளர்ந்திருக்கிறது.

அந்தச் சிலேடையை முகநூலிலிருந்து எடுத்துவிட்டு, நான் எழுதியது தப்பு என்று இரண்டு வரி போட்டேன். அதற்குப் பதினேழு விருப்பக் குறிகள் விழுந்தன.

பையன் மறுபடி கணக்குத் திறக்கவில்லை. போன மாதம் அத்தானுடைய செல்போனிலிருந்து பேசினான். மலர்க் கட்டுரை புத்தகமாக வரப்போகிறது என்று அத்தை சொன்னாளாம். "அந்தப் பாட்டு இருக்குமா அண்ணாச்சி?" என்று கேட்டான். இருக்காது என்றேன். அப்படியானால் அந்த இடத்தில் என்ன வரும் என்று கேட்டான். நாலு பேரும் பேசாமல் இருப்பார்கள் என்று எழுதப்போகிறேன் என்றேன். "வெளியில காக்கா கத்துறது கேக்கும், அதைப் போடுங்க" என்றான்.